மலை தாண்டிப் போன சொற்கள்

நமது பங்கு இல்லத்தின் பின்கட்டில் ஒரு சிறு நூலகம் உண்டு. மாலை வேளைகளில் கல்லூரி மாணவ மாணவியர் சிலர் அங்குக் கூடுவர். போட்டித் தேர்வுகளுக்கு ஆயத்தம் செய்யும் அவர்களுக்கு வாரத்தில் இரண்டு நாள்கள் ஆங்கிலம் சொல்லித் தருவதை ஒரு சிறு பணியாக நாம் மேற்கொண்டிருக்கிறோம். அவர்கள் கையில் எப்போதும் ஒரு வழிகாட்டி நூல் இருக்கும். அதில் 'அரிய ஆங்கிலச் சொற்கள்' என்றொரு நீண்ட பட்டியல். ஆங்கிலேயரே நாளும் வழங்காத சொற்கள் பல அதில் உண்டு. சொல் இடப்புறம், பொருள் வலப்புறம். மனனம் செய்தல் ஒன்றே வழி.

ஒருநாள் அப்பட்டியலில் 'பரையா' என்ற சொல் வந்தது. 'சமூகத்தால் ஒதுக்கித் தள்ளப்பட்டவன், இழிந்தவன்' என்று அந்நூல் பொருள் கூறியிருந்தது. நாமும் அதனை அப்படியே வாசித்தோம். எடுத்துக்காட்டாக, ஒரு நாட்டை உலக நாடுகள் ஒதுக்கி வைக்கும்போது செய்தித்தாள்கள் அந்நாட்டை இச்சொல்லால் குறிப்பதுண்டு என்று கரும்பலகையில் ஒரு தொடரையும் எழுதிவிட்டு, அடுத்த சொல்லுக்குச் சென்றுவிட்டோம்.

வகுப்பு முடிந்து யாவரும் சென்ற பின் ஒரு மாணவி மட்டும் தயங்கி நின்றாள். "பாதர், அந்தச் சொல்லு நம்ம சொல்லுதானே? எங்க தாத்தா திருவிழாவுக்குக் கொட்டுறாரே, அதுதானே?" என்று கேட்டாள். குற்றஞ்சாட்டும் குரல் அல்ல அது. உண்மையிலேயே அறிந்துகொள்ள விரும்பும் குரல். ஆயினும், நமக்கு நாக்கு எழவில்லை. "ஆமாம்மா" என்று மட்டும் சொன்னோம். இறையியல் பயின்று, முப்பது ஆண்டுகளை எட்டும் காலம் பீடத்தில் நின்று வாக்கை விளக்கி வரும் நாம், ஒரு சொல்லை எவ்வளவு எளிதாகக் கடந்து சென்றுவிட்டோம்! அன்றிரவு நூலக அலமாரியைத் திறந்து பழைய அகராதிகளை எடுத்து வைத்துக்கொண்டு அமர்ந்தோம். அந்தத் தேடலின் பயனே இக்கட்டுரை.

ஒரு விசித்திரமான அகராதி

ஆங்கிலத்தில் புகுந்த இந்தியச் சொற்களைத் திரட்டி வைத்த ஒரு பேரகராதி உண்டு. 1886-இல் வெளிவந்த அதன் பெயர் 'ஆப்சன் ஜாப்சன்'. பெயரே விந்தையானது. முகரம் நாள்களில் இசுலாமியர் ஹசன், ஹுசேன் என்னும் தம் பெருமக்களை நினைந்து எழுப்பும் ஓலத்தை ஆங்கிலச் சிப்பாய்கள் அரைகுறையாகச் செவிமடுத்து, தம் வாய்க்கு ஏற்றவாறு திரித்துக்கொண்ட வடிவமே இது. ஒரு மக்களின் துயரக் குரல் மற்றொரு மக்களின் வாயில் வேடிக்கைச் சொல்லாகிவிட்டது. சொற்கள் எல்லை தாண்டும்போது அவற்றுக்கு என்ன நேரும் என்பதற்கு அந்நூலின் தலைப்பே சான்று.

இதனைத் தொகுத்தவர் இருவர். ஒருவர் கர்னல் ஹென்றி யூல். மற்றவர் சென்னை மாகாண ஆட்சிப் பணியிலிருந்து தஞ்சையில் நீதிபதியாக விளங்கிய ஆர்தர் கோக் பர்னல். தஞ்சை அரண்மனைச் சுவடிகளுக்கு அட்டவணை வகுத்த அறிஞர் இவர். நூல் அச்சேறுமுன் 1882-இல் பர்னல் காலமாக, யூல் அதனை முடித்து வெளியிட்டார். 1903-இல் வில்லியம் குரூக் அதனை விரிவாக்கிப் பதிப்பித்தார்.

அந்நூலைப் புரட்டும் தமிழருக்குத் தம் வீட்டுப் பொருள்களைப் பிறர் வீட்டில் காண்பது போன்ற வியப்பு ஏற்படும். நம் மிளகுத்தண்ணீர் அங்கே 'மலிகடானி' எனும் சாறாகியிருக்கிறது. அதனை விரும்பி அருந்திய சென்னை மாகாண ஆங்கில அதிகாரிகளைப் பிற மாகாணத்தார் 'மல்' என்று கேலியாக அழைத்ததும் அங்கே பதிவாகியுள்ளது. நம் கஞ்சி, 'கான்ஜி ஹவுஸ்' என்ற தொடரில் படைவீரரின் சிறைக்கொட்டடியைக் குறிக்கிறது. அடைபட்டவருக்கு அங்கே கஞ்சியே உணவு. சுருட்டு 'செரூட்' ஆயிற்று. சுண்ணாம்பு 'சூனம்' ஆயிற்று. குருந்தக்கல் 'கொரண்டம்' ஆகிக் கனிம நூல்களில் இடம்பெற்றது. கடலோடி வில்லியம் டாம்பியர் 1697-இல் வெளியிட்ட தம் பயண நூலில் சோழமண்டலக் கரையின் கட்டுமரத்தைக் குறிப்பிட்டார். இன்று உலகின் உல்லாசப் படகுகள் அப்பெயரைத் தாங்கி மிதக்கின்றன.

நம் பள்ளத்தாக்கே ஓர் அகராதி

தொலைவில் தேடுவானேன்? மேகமலையிலிருந்து கம்பம் பள்ளத்தாக்கிற்கு இறங்கி வரும் ஒருவர், வழியெங்கும் இத்தகைய சொற்களைக் காணலாம்.

மலையுச்சியில், புல்வெளிகளின் மடிப்புகளில் அடர்ந்து நிற்கும் பசுங்காட்டை நம் மக்கள் சோலை என்றனர். ஆங்கிலேயர் அதனை 'ஷோலா' என்று எழுதிக்கொண்டனர். இன்று உலகத் தாவரவியலார் யாவரும் மேற்குத் தொடர்ச்சி மலையின் அவ்வகைக் காட்டை இப்பெயராலேயே சுட்டுகின்றனர். வேடிக்கை என்னவெனில், நம் இளைஞர் சிலர் அதனை ஆங்கிலச் சொல் என எண்ணி, 'ஷோலாக் காடுகள்' என்று தமிழில் எழுதுகின்றனர். வீட்டை விட்டுப் போன பிள்ளை வேற்றுடையில் திரும்பி வர, பெற்றோர் அடையாளம் காணாத கதைதான்.

சற்றுக் கீழே வந்தால் தேயிலையும் ஏலமும் விளையும் தோட்டங்கள். மேகமலையை இன்றும் நம் முதியோர் 'ஹைவேவிஸ்' என்றே அழைப்பர். அலை அலையாய் உயர்ந்த மலைகள் என்று ஆங்கிலேயர் இட்ட பெயர் அது. அவர்கள் தந்தது அப்பெயர். நம்மிடமிருந்து பெற்றுக்கொண்டது 'கங்காணி' என்ற சொல். கண்ணால் கண்டு கண்காணிப்பவன் என்பதே அதன் பொருள். ஆனால், இலங்கையின் தோட்டங்களுக்கும் பிற தோட்டங்களுக்கும் தமிழ்க் குடும்பங்களை ஆள்பிடித்து, முன்பணக் கடனில் பிணைத்து அழைத்துச் சென்ற முறைக்கும் அதுவே பெயராயிற்று. அந்த ஒரு சொல்லுக்குள் எத்தனை குடும்பங்களின் கண்ணீர் அடங்கியிருக்கிறது! குமுளி, கம்பம்மெட்டு, போடிமெட்டு வழியாக இன்றும் விடியற்காலையில் ஜீப்புகளில் நெருக்கியமர்ந்து ஏலத்தோட்டங்களுக்குச் சென்று திரும்பும் நம் பங்கு மக்களைக் காணும்போதெல்லாம் அச்சொல் நம் நினைவுக்கு வருகிறது.

மலையடிவாரத்தில் முல்லைப்பெரியாற்று நீர் வரவேற்கும். 1887-இல் தொடங்கி 1895-இல் முடிந்த அணை அது. மேற்கே ஓடிய நீரை மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே கிழக்கே திருப்பி, வைகையில் சேர்த்த பொறியாளர் ஜான் பென்னிகுயிக். நம் ஊர்களில் பிள்ளைகளுக்கு அவர் பெயரைச் சூட்டுவோர் உண்டு. சனவரி 15 அவருடைய பிறந்த நாள். அதனையொட்டி அவருக்குப் பொங்கலிடும் ஊரும் உண்டு. லோயர்கேம்ப்பில் 2013-இல் அவருக்கு மணிமண்டபம் எழுந்தது. அந்த அணை கருங்கல்லாலும், சுண்ணாம்பும் செங்கல் தூளும் கலந்த 'சுர்க்கி' என்னும் காரையாலும் கட்டப்பட்டது. அதுவும் ஆங்கில அகராதியில் உள்ள அரிய சொல்லே. சிவப்பு எனப் பொருள்படும் பாரசீகச் சொல்லில் பிறந்து, இந்துஸ்தானி வழியே ஆங்கிலம் சென்று, பெரியாற்றுக் காட்டில் நம் கொத்தர்களின் வாய்க்கு வந்து சேர்ந்த சொல் அது. அக்காட்டில் காய்ச்சலாலும் கொள்ளை நோயாலும் மாண்ட தொழிலாளர் நூற்றுக்கணக்கானோர். அவர்தம் பெயர்கள் எந்த அகராதியிலும் இல்லை.

ஆற்றின் குறுக்கே ஆங்காங்கே அணைக்கட்டுகள். இச்சொல்லே ஆங்கிலத்தில் 'அனிகட்'. கரிகாலனின் பெயரோடு வழங்கும் கல்லணையை ஆங்கிலேயர் 'கிராண்ட் அனிகட்' என்றனர். ஆர்தர் காட்டன் 1836-இல் கொள்ளிடத்தில் கட்டியது 'லோயர் அனிகட்'. நீரைத் தேக்கும் கலையைத் தமிழரிடம் கண்டு வியந்தவர்கள், அதற்கான சொல்லையும் தமிழரிடமே பெற்றனர். அடுத்து வரும் மாந்தோப்பும் தென்னந்தோப்பும் ஆங்கிலப் படைகள் கூடாரமடிக்க நிழல் தந்தவை. ஆதலால் தோப்பு 'டோப்' ஆயிற்று. போடிநாயக்கனூர், கண்டமனூர், எரசக்கநாயக்கனூர் ஆகிய ஊர்களை ஆண்ட பாளையக்காரர் மரபு 'பாலிகர்' என்று ஆங்கில வரலாற்று நூல்களில் ஏறியது.

இரண்டு ஏலங்கள்

சொற்கள் ஒருவழிப் பாதையில் செல்வதில்லை. போடியில் ஏலக்காய் ஏலம் நடப்பதை அறியாதார் இங்கு எவருமில்லை. 'ஏலம்' என்று இருமுறை சொல்கிறோம். இரண்டும் ஒன்றா? அல்ல. முன்னது நறுமணப் பொருள். மிகப் பழங்காலம் முதல் நம்மிடம் உள்ள சொல். பின்னது கூவி விற்கும் முறை. 'லெய்லாவ்' என்னும் போர்த்துக்கீசியச் சொல்லின் தமிழ் வடிவம். அதுவும் அரபு மொழியிலிருந்து போர்த்துக்கல் சென்றது. சன்னல், சாவி, அலமாரி, மேசை, மேஸ்திரி, பாதிரி ஆகியனவும் அவ்வாறே வந்தவை. ஒலி ஒன்றாயிருப்பதால் உறவும் ஒன்றாகிவிடாது என்பதற்குப் போடிச் சந்தையே பாடம்.

இதனை வலியுறுத்தக் காரணமுண்டு. நம் மேடைகளில், ஏன், சில மறையுரைகளிலும்கூட, ஆங்கிலச் சொற்கள் யாவும் தமிழிலிருந்தே பிறந்தவை என்று முழங்குவோர் உளர். 'கேஷ்' என்பது காசு என்பர். ஆராய்ந்தால், அவ்வொலியில் இரு சொற்கள் ஆங்கிலத்தில் உள்ளன. கீழை நாடுகளில் புழங்கிய சிறு நாணயத்தைக் குறிக்கும் சொல் நம் காசிலிருந்து போர்த்துக்கீசியர் வழியே சென்றதுதான். ஆனால், கையிலுள்ள ரொக்கம் என்னும் பொருளில் ஆங்கிலேயர் நாளும் வழங்கும் சொல், பணப்பெட்டியைக் குறித்த இத்தாலிய, பிரெஞ்சுச் சொற்களின் வழிவந்தது. 'கூலி' என்ற ஆங்கிலச் சொல் நம் கூலியிலிருந்து பிறந்ததா, குசராத்தில் வாழும் 'கோலி' மக்களின் பெயரிலிருந்து பிறந்ததா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. தமிழன்னைக்கு உரிய அணிகலன்கள் போதுமான அளவு உள்ளன. பொய்யணி பூட்டி அவளை நாணச் செய்ய வேண்டுவதில்லை.

சொல் திரட்டிய துறவிகள்

சொற்களின் இப்பயணத்தில் நம் திருச்சபைக்கும் பங்குண்டு. புனித பிரான்சிஸ் சவேரியார் 1542-இல் முத்துக்குளித்துறைக்கு வந்தார். ஓர் ஊரில் நெடுநாள் தங்க இயலாத அவர், ஊர்தோறும் செபம் கற்பிக்கவும், ஆபத்து வேளையில் திருமுழுக்கு அளிக்கவும், கணக்கெழுதவும் ஒருவரை அமர்த்தினார். அவர்கள் கணக்கப்பிள்ளைகள். போர்த்துக்கல் அரசியின் காலணிச் செலவுக்கென ஒதுக்கப்பட்டிருந்த தொகையே அவர்களுக்கு ஊதியமாயிற்று. சவேரியாரின் மடல்களில் இடம்பெற்ற அச்சொல், பின்னர் சென்னையில் ஆங்கில வணிகரின் எழுத்தர்களைக் குறிக்கும் 'கானிகோபொலி' என்ற ஆங்கிலச் சொல்லாயிற்று. இன்று எந்த ஆங்கிலேயரும் அறியாத அரிய சொல் அது. ஆயினும், நம் கடற்கரைப் பங்குகளில் கணக்கப்பிள்ளை இன்றும் உயிருள்ள சொல்.

மதுரை மறைப்பணித்தளத்தைச் சேர்ந்த அந்தாவ் தெ புரோயென்சா என்னும் இயேசு சபைத் துறவி, 16,000-க்கும் மேற்பட்ட சொற்களைக் கொண்ட தமிழ் போர்த்துக்கீசிய அகராதியைத் தொகுத்தார். அவர் 1666-இல் இறந்த பின், 1679-இல் மலையாள நாட்டின் அம்பலக்காட்டில் அது அச்சாயிற்று. வத்திக்கான் நூலகத்தில் உறங்கிய அதன் படியைத் தனிநாயகம் அடிகளார் 1966-இல் நிழற்படப் பதிப்பாக வெளிக்கொணர்ந்தார். வீரமாமுனிவரின் சதுரகராதி 1732-இல் தோன்றியது. செய்யுள் நிகண்டுகளை மனனம் செய்து வந்த தமிழருக்கு, அகரவரிசையில் சொல்லைத் தேடும் வழியைக் காட்டியது அந்நூல். பிரிந்த சகோதரரின் தொண்டும் சிறிதன்று. பப்ரீசியுசின் அகராதி 1779-இல் சென்னை வேப்பேரியில் வெளிவந்தது. வின்சுலோவின் பேரகராதி 67,000-க்கும் மேற்பட்ட சொற்களோடு 1862-இல் வெளிவந்தது. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதிப் பணியை முதலில் ஏற்றவர் மதுரை அமெரிக்க மறைப்பணியைச் சேர்ந்த சாண்ட்லர். வையாபுரிப் பிள்ளையின் தலைமையில் அது 1936-இல் நிறைவுற்றது.

இவர்கள் ஏன் இவ்வளவு பாடுபட்டனர்? மக்களின் சொல்லை அறியாமல் மக்களுக்கு வாக்கை வழங்க இயலாது என்பதை அவர்கள் உணர்ந்திருந்தனர். வாக்கு மனுவுருவானார் என்பது நம் விசுவாசம். வாக்கு ஒரு குறிப்பிட்ட மக்களின் பேச்சுக்குள், உச்சரிப்புக்குள், ஊர்வழக்குக்குள் இறங்கி வந்தார். பேதுருவின் பேச்சே அவரைக் கலிலேயர் என்று காட்டிக்கொடுத்ததை நற்செய்தி மறைக்கவில்லை அன்றோ?

அந்த ஒரு சொல்

இனி அம்மாணவியின் கேள்விக்கு வருவோம்.

தொல்காப்பியம் ஐவகை நிலங்களின் கருப்பொருள்களுள் தெய்வத்தோடும் உணவோடும் பறையையும் வைத்துள்ளது. குறிஞ்சிக்கும் பறை உண்டு, மருதத்துக்கும் உண்டு. பறையில்லாத நிலமில்லை. அக்கருவியை முழக்கியோர் பெயர் பின்னர் ஒரு பெரும் மக்கட்குழுவின் பெயராயிற்று. 1516-ஆம் ஆண்டளவில் போர்த்துக்கீசியரான துவார்த்தே பர்போசா எழுதிய குறிப்புகளில் அப்பெயர் காணப்படுகிறது. 1613-இல் பர்ச்சாசின் நூல் வழியே ஆங்கிலத்தில் நுழைந்தது. அப்போது அது ஒரு மக்களின் பெயர் மட்டுமே.

அடுத்த இரு நூற்றாண்டுகளில் அப்பொருள் திரிந்தது. தமிழகத்துச் சாதி வரிசையின் இழிவுப் பார்வையை ஐரோப்பியர் கேட்டுணர்ந்து, அதனை மேலும் பெருக்கி, 'எல்லாராலும் ஒதுக்கப்பட்டவன்' என்ற பொதுப்பொருளை அப்பெயர்மீது ஏற்றினர். 1791-இல் பிரெஞ்சு எழுத்தாளர் பெர்னார்தேன் தெ சேன் பியேர், இப்பெயர் தாங்கிய ஒருவரைத் தம் கதையின் ஞானியாகப் படைத்தார். 1821-இல் காசிமீர் தெலவீஞ் ஒரு நாடகமும், 1824-இல் ஜெர்மானியப் பெருங்கவிஞர் கெதே ஒரு கவிதைத் தொகுதியும் இப்பெயரிலேயே வெளியிட்டனர். அவர்கள் இரக்கத்தோடுதான் எழுதினர். ஆயினும், அந்த இரக்கமே அச்சொல்லை 'ஒதுக்கப்பட்டவன்' என்ற பொருளில் ஐரோப்பா எங்கும் நிலைநாட்டிற்று. பின்னர் சமூகவியலார் மாக்ஸ் வெபர் யூத மக்களைக் குறிக்கவும் இச்சொல்லை எடுத்தாண்டார். தெருநாய்க்கும் ஒருவகைப் பருந்துக்கும்கூட ஆங்கிலேயர் இதனை அடைமொழியாக்கினர். ஐரோப்பியர் இப்பெயரை வழங்கிய முறை பிழையானது, பறையடிப்போர் என்பதே இதன் மூலப்பொருள் என்று ஆப்சன் ஜாப்சன் அகராதி அன்றே எடுத்துக்காட்டியது. ஆனால், அகராதி சொல்வதை உலகம் எப்போது கேட்டது?

அம்மக்கள் வாளாவிருக்கவில்லை. இரட்டைமலை சீனிவாசன் 1893-இல் ஓர் இதழ் தொடங்கியபோது, அதற்குப் 'பறையன்' என்றே துணிந்து பெயரிட்டார். எப்பெயரைச் சொல்லி இழித்தனரோ அப்பெயரையே முகப்பில் அச்சிட்டு, உரிமை கேட்டார். பின்னர் எம்.சி. ராஜாவின் முயற்சியால் 1922-இல் சென்னை மாகாண அரசு ஆதிதிராவிடர் என்ற பெயரை ஏற்றது. ஒருவர் பெயரை ஏந்தி நின்றார். மற்றவர் பெயரை மாற்றக் கோரினார். வழிகள் இரண்டாயினும் கேட்டது ஒன்றையே: எங்களை நாங்களே பெயரிட்டு அழைக்கும் உரிமை.

நாம் மறைக்கலாகாதது

பிற நாட்டாரைக் குறைகூறி இங்கே நிறுத்திவிட்டால் அது நேர்மையாகாது. மதுரை மறைப்பணித்தளத்தில் 1640 முதல் பண்டாரச் சாமிகள் என்ற பிரிவு எளிய மக்களிடையே பணியாற்றத் தொடங்கியது. அது பெரும் தொண்டுதான். ஆயினும், உயர்ந்தோருக்கு ஒரு குரு, தாழ்ந்தோருக்கு ஒரு குரு என்ற பிளவையும் அது உடன் கொணர்ந்தது. வடக்கன்குளம் ஆலயத்துக்குள் சாதிகளைப் பிரித்து நின்ற சுவர் 1910-இல்தான் இடிக்கப்பட்டது. திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 2003 நவம்பரில் தமிழக ஆயர்களைச் சந்தித்தபோது, சாதி வேற்றுமையைக் கண்டித்துப் பேச வேண்டியிருந்தது. 2016 டிசம்பரில் இந்தியக் கத்தோலிக்க ஆயர் பேரவை தலித் மக்களின் மேம்பாட்டுக்கெனத் தனிக் கொள்கை அறிக்கை வெளியிட வேண்டியிருந்தது. நோய் தீர்ந்திருந்தால் மருந்துச் சீட்டு ஏன்?

இவ்விடத்தில் நம் உள்ளத்தைத் தைத்த செய்தி ஒன்றைச் சொல்ல வேண்டும். பறை என்பது கருவியின் பெயர் மட்டும் அன்று. பறைதல் என்றால் சொல்லுதல். பழந்தமிழில் இருந்த அவ்வினை நம் பேச்சில் அருகிவிட்டது. ஆனால், குமுளி தாண்டினால் போதும். மலையாள நாட்டில் 'பறயு' என்றால் 'சொல்' என்று பொருள். ஏலத்தோட்டத்துக்குச் செல்லும் நம் மக்கள் நாள்தோறும் நூறுமுறை அதனைக் கேட்கின்றனர். செய்தியை ஊரறியச் சொல்லும் கருவியாதலால் அதன் பெயர் பறை. ஊரறியச் சொல்லுவது பறைசாற்றுதல்.

நற்செய்தியை அறிவித்தலுக்கு நாம் எந்தச் சொல்லை வழங்குகிறோம்? பறைசாற்றுதல் என்கிறோம். ஆண்டவரின் இறப்பையும் உயிர்ப்பையும் பறைசாற்றுவதாகச் சொல்கிறோம். மறைபரப்பு ஞாயிறுதோறும் மறையுரைகளில் இச்சொல் முழங்குகிறது. ஆங்கில அகராதியில் இழிசொல்லாகக் கிடக்கும் அதே வேர், நம் வாயில் மீட்பின் சொல்லாக மலர்ந்திருக்கிறது. இதனை நாம் ஒருமுறையேனும் எண்ணிப் பார்த்ததுண்டா? பறைசாற்றுகிறோம் என்போம். ஆனால், பறையை எங்கே நிறுத்தி வைத்திருந்தோம்?

அடுத்த வகுப்பில் அச்சொல்லை மீண்டும் கரும்பலகையில் எழுதினோம். முதல்நாள் வெறும் பொருளை மட்டும் சொன்னதற்காக மாணவரிடம் வருத்தம் தெரிவித்தோம். மேற்கண்ட வரலாற்றை விளக்கினோம். தேர்வில் கேட்டால் வழிகாட்டி நூலில் உள்ள பொருளையே எழுத வேண்டும், ஏனெனில் உலகம் அப்பொருளில்தான் இன்றும் வழங்குகிறது என்றும் சொன்னோம். அம்மாணவி தன் ஏட்டில் அச்சொல்லின் எதிரே அப்பொருளை எழுதினாள். அதன் கீழே, 'சொல்பவன்' என்று தமிழில் எழுதிக்கொண்டாள்.

அதன் பின் ஒருநாள் மாலை அவள் தாத்தாவைக் காணச் சென்றோம். நம் பங்குத் திருவிழாவில் பல ஆண்டுகளாகப் பறை முழக்குபவர் அவர். கொடிமரம் வரை பவனியோடு வருவார். அதற்குமேல் வருவதில்லை. அவரை எவரும் தடுத்ததில்லை. எவரும் அழைத்ததுமில்லை. அழைக்கத் தவறியவர்களுள் நாமும் ஒருவர். "இந்த ஆண்டு காணிக்கைப் பவனியின்போது கோவிலுக்குள் வந்து, பீடம் வரை முழக்க வேண்டும்" என்று கேட்டுக்கொண்டோம்.

அவர் துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார். "உள்ளேயா சாமி?" என்று கேட்டார்.

"உள்ளேதான்" என்றோம்.

"தோலைக் காய வைக்கத் தீ மூட்டணும். அதுக்கு வாசல்ல ஓர் இடம் குடுங்க" என்றார் அவர். அவ்வளவே அவர் கேட்டது.

அன்பர்களே! ஆங்கில அகராதியைத் திருத்தும் அதிகாரம் நமக்கில்லை. உலகச் செய்தித்தாள்கள் நாளையும் அச்சொல்லை அப்பொருளிலேயே அச்சிடும். ஆனால், நம் ஆலய வாசல் நம் பொறுப்பில் உள்ளது. பெந்தக்கோஸ்து நாளில் கூடியிருந்தோர் ஒவ்வொருவரும் தத்தம் மொழியில் இறைச்செயலைக் கேட்டனர் என்று திருத்தூதர் பணிகள் கூறுகிறது. நம் பங்கில் யாருடைய மொழி இன்னும் வாசலில் நிற்கிறது? வரும் திருவிழாவுக்கு முன் இக்கேள்வியைச் சற்று எண்ணிப் பார்ப்போமா?